நடக்காத கல்யாணத்துச் சொம்பு

பிள்ளைகளா,

போன ஞாயிற்றுக்கிழமை பாப்பா சொன்ன ஒரு வார்த்தைக்காகத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். "உன் பங்கை எழுதி வெச்சுடு நைனா. உனக்கு வயசாயிக்கினே போவுது. அப்புறம் யாராண்ட போயி கேக்கறது?" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். நான்தான் மறுநாளே போய் ஒரு நோட்டு வாங்கி வந்தேன்.

நான் எட்டாவதோடு நின்றவன். பாத்திரத்தில் எழுத்து வெட்டுவேனே தவிர, கோர்வையாக எழுதிப் பழக்கமில்லை. தப்பு இருந்தால் நீங்களே திருத்திக்கொள்ளுங்கள். இன்னொன்று, உங்களை நேராக 'நீ' என்று வைத்து எழுதிப் பார்த்தேன். கை நின்று நின்று போகிறது. அதனால் வீட்டில் கூப்பிடுகிற மாதிரியே பெரியவன், பாப்பா என்று எழுதுகிறேன். உங்கள் அம்மாவையும் அம்மா என்றே எழுதுகிறேன். நான் அவளை ஒரு நாளும் அப்படிக் கூப்பிட்டதில்லை என்றாலும்.

என் வேலை உங்களுக்குத் தெரியும். தி.நகரில் எவர்சில்வர் கடை வாசலை ஒட்டி ஒரு ஸ்டூல், பேர் வெட்டுகிற மிஷின். பேனா பிடிப்பது போலத்தான் பிடிக்க வேண்டும், முனை மட்டும் அதிர்ந்துகொண்டே இருக்கும். அதில் வெட்டினது வெட்டினதுதான். அழிக்க வழி கிடையாது. தேய்த்தால் பாத்திரம்தான் தேயும், எழுத்து கலங்கலாக அங்கேயே நிற்கும். தப்பாக வெட்டிவிட்டால் அந்தப் பாத்திரம் வெட்டினவன் தலையில். அப்படித்தான் மயிலாப்பூரில் கால்வாயை ஒட்டின சந்தில் இருந்த நம் ஒற்றை அறை வீட்டில், எவர் எவர் பேரோ போட்ட பாத்திரங்களாகச் சேர்ந்தன. தட்டில் ஒருத்தர் பேர், டம்ளரில் இன்னொருத்தர். அந்த ஆட்களை நாம் பார்த்ததே இல்லை, அவர்கள் தட்டில் சாப்பிட்டு வளர்ந்தீர்கள்.

அந்தச் சொம்பு வந்தது ஒரு முகூர்த்த மாதத்தில். இரண்டு கல்யாணச் சீர் ஒரே நாளில் வந்திருந்தது. பெண்ணின் பேரை வெட்டி முடித்தேன். ஃபேன் காற்றில் பேர் எழுதின சீட்டு மாறிப்போனதைக் கவனிக்காமல், பக்கத்தில் இன்னொரு கல்யாணத்து மாப்பிள்ளையின் பேரை வெட்டிவிட்டேன். நடுவில் ஒரு பூ வேறு போட்டேன். முதலாளி திட்டவில்லை. "எடுத்துனு போயி உன் பொண்டாட்டி கையில குடு" என்று மட்டும் சொன்னார்.

அம்மா சொம்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "இன்னாய்யா இது? யாரோ பெத்த பொண்ணை யாருக்கோ கட்டி வெச்சுட்டு வந்துகீறே?"

"சீட்டு மாறிப்பூச்சுமே."

"பாவம் அந்தப் பொண்ணு. தாலி கட்டினவன் ஒருத்தன், சொம்புல ஒருத்தன்."

ரொம்ப நாளைக்கு அதை வைத்தே என்னை ஓட்டினாள். சொம்பு உருண்டு விழுந்தால், "இன்னிக்கு ரெண்டு பேருக்கும் சண்டை போல" என்பாள். தண்ணீர் நிரப்பி வைத்தால், "மெதுவாப் பேசுங்க, குடும்பம் உள்ளே கீது" என்பாள்.

சொம்பு மந்திரம் ஆரம்பித்தது அந்தக் கோடையில். தண்ணீர் லாரி எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. குடங்களை வரிசையில் போட்டுவிட்டுச் சந்து முனையில் உட்கார்ந்திருப்போம். எனக்கு செவ்வாய்க்கிழமை வார லீவு, அதனால் அன்றைக்கு நானும் இருந்தேன். அம்மாவும் தண்ணீருக்காக வேலைக்குப் போகாமல் நின்றிருந்தாள். பெரியவன் மூன்று தடவை வீட்டுக்குப் போகலாம் என்று சொல்லிவிட்டான். பாப்பா அப்போது இரண்டாம் வகுப்பு. வெயிலில் முகம் சிவந்து அழுகிற மாதிரி உட்கார்ந்திருந்தாள். அம்மா குடத்துக்குள் வைத்திருந்த அந்தச் சொம்பை எடுத்தாள்.

"இத பாருங்கடா. எல்லார் வூட்டு சொம்புக்குள்ளயும் கல்யாணம், சீமந்தம், காது குத்துன்னு எவ்ளோ நெனப்பு கீது. இது நடக்காத கல்யாணத்துச் சொம்பு. இதுக்குள்ள ஒண்ணுமே இல்ல. பசியில கீது. நீங்க ஒரு நெனப்பைப் போட்டா, நீங்க கேட்டதை அது குடுக்கும்."

"இன்னா நெனப்புமா?" என்றாள் பாப்பா.

"எது வோணா. ஆனா போட்டது போட்டதுதான். அப்புறம் அது உன்னுது கிடையாது. வாயத் தொறந்து பேசக் கூடாது, நெனச்சும் பாக்கக் கூடாது."

பெரியவன் விடவில்லை. "அப்ப நான் கணக்குப் பரிட்சையைப் போட்டுடறேன்."

"புடிக்காததைப் போட்டா உன் மூஞ்சிலயே துப்பிடும். உயிரா வெச்சுக்கினு கீறதைப் போடணும்டா."

பாப்பா யோசித்தாள். சொம்பின் வாயில் தன் வாயை வைத்து, இரண்டு கையாலும் சுற்றி மூடிக்கொண்டு என்னவோ சொன்னாள். பிறகு உள்ளங்கையால் சொம்பை மூடினாள். லாரி வந்தது.

பக்கத்துத் தெருவில் லாரி திரும்புகிற சத்தம் எனக்கும் கேட்டிருந்தது. அம்மா என்னைப் பார்த்துக் கண்ணடித்தாள். அந்தக் கண்ணடிப்பு என்னிடம் மட்டும் இருக்கிறது. எழுதிவிட்டேன், இனி உங்களுக்கும்.

அன்றைக்குப் பாப்பா போட்டது பீச்சில் ராட்டினம் சுற்றினதை. அதுவும் எனக்கு எப்படித் தெரியும் என்றால், அடுத்த வாரம் ராட்டினம் என்று பேச்செடுத்தபோது, "அது எனக்குத் தெரியாது நைனா, சொம்புல கீது" என்றாள். நாங்கள் சிரித்தோம். அதற்கப்புறம் நம் வீட்டில் மின்சாரம் வரவும், மழை நிற்கவும், பெரியவனுக்கு ஜுரம் இறங்கவும் அந்தச் சொம்புதான்.

பிறகு அம்மாவுக்கு மஞ்சள் காமாலை என்று ஆரம்பித்தது. பெருங்குடியில் ஏதோ ஒரு கம்பெனி பில்டிங்கில் தரை துடைக்கிற வேலை அவளுக்கு. காலையில் மந்தைவெளியில் வேன் ஏறினால் இருட்டித்தான் வருவாள். உடம்பு சோர்வு வேலையால் என்றே நினைத்துக்கொண்டிருந்தாள். பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தபோது ஈரல் என்றார்கள். நான் ஆஸ்பத்திரியிலேயே கிடந்தேன். செம்மஞ்சேரியிலிருந்து பெரியம்மா வந்து உங்களைப் பார்த்துக்கொண்டார்கள்.

பாப்பாவை ஆஸ்பத்திரிக்குக் கூட்டி வரும்போதெல்லாம் அவள் ஒன்றே ஒன்றுதான் செய்வாள். கட்டில் மேல் ஏறி, "கண்ணைத் தொறம்மா" என்பாள். அம்மா திறப்பாள். பாப்பா கிட்டத்தில் போய் அந்த வெள்ளை முழியைப் பார்ப்பாள். மஞ்சள் கொஞ்சம் குறைந்திருக்கிற மாதிரி இருந்தால் சத்தம் போடாமல் இறங்கிவிடுவாள். கூடியிருந்தால் வீட்டுக்குப் போக அவசரப்படுவாள். "இன்னாடி, டாக்டரம்மா மாதிரி பாக்கறே?" என்று அம்மா கேட்பாள். பாப்பா எதைச் சோதித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள் என்று எனக்கு ஒரு வருஷம் கழித்துத்தான் தெரிந்தது.

அம்மா போய்விட்டாள். அதைப் பற்றி நான் எழுதப் போவதில்லை. அந்தப் பங்கை நானே வைத்துக்கொள்கிறேன்.

பதினாறாம் நாள் காரியத்துக்கு வந்தவர்கள் எல்லாரும் அம்மாவைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தார்கள். பெரியம்மா பாப்பாவை மடியில் இழுத்து வைத்து, "அம்மா உனக்கு எப்டி சடை பின்னி வுடும், சொல்லு கண்ணு" என்று கேட்டார்கள்.

"ஞாபகம் இல்ல."

"அம்மா கையால இன்னாடி புடிக்கும் உனக்கு?"

"ஞாபகம் இல்ல பெரியம்மா."

"பெத்தவ போயி மாசம் முடியல, ஞாபகம் இல்லியாமே! கல்லுடி உன் மனசு" என்று மடியிலிருந்து இறக்கிவிட்டார்கள். அவர்களைத் தப்பாக நினைக்காதீர்கள். தங்கச்சியைப் பறிகொடுத்தவர்கள்.

ஆனால் அதற்குப் பிறகும் பாப்பா அப்படியேதான் இருந்தாள். அம்மா பேச்சு வந்தால் எழுந்து வெளியே போய்விடுவாள். போட்டோவைப் பார்க்க மாட்டாள். அழவும் இல்லை. ராத்திரி பெரியவன் தலையணைக்குள் அழுவது எனக்குக் கேட்கும், அவள் பக்கம் சத்தமே இருக்காது. இந்தப் பிள்ளைக்கு அம்மா என்று ஒருத்தி இருந்ததே இல்லாமல் போய்விடுமோ என்று எனக்கு பயம் வந்துவிட்டது. பள்ளிக்கூடத்து டீச்சரிடம் சொன்னேன். சின்னப் பிள்ளைகள் சிலது அப்படித்தான் இருக்கும், விடுங்கள் என்றார். விட்டுவிட்டுப் பேர் வெட்டிக்கொண்டிருந்தேன்.

வருஷம் திரும்பியது. படையலுக்குப் பெரியம்மா காலையிலேயே வந்து சமைத்தார்கள். அம்மாவுக்குப் பிடித்த வஞ்சிரக் கருவாட்டுக் குழம்பு, அவித்த முட்டை, கடையில் வாங்கின பாதுஷா. இலை போட்டாயிற்று. படையலில் தண்ணீர் வைக்கச் சொம்பு வேண்டும். பெரியவன் ஸ்டூல் போட்டு லாஃப்டில் கையை விட்டுத் துழாவினான். வாயில் துணி சுற்றி, பழைய சடை ரிப்பனால் இறுக்கிக் கட்டின சொம்பு ஒன்று கையில் வந்தது.

"இது இன்னாத்துக்கு கட்டி வெச்சுகீது?" என்று முடிச்சை அவிழ்க்கப் போனான்.

பாப்பா கத்தின கத்தல் சந்து முழுக்கக் கேட்டிருக்கும். ஓடிப்போய் அவன் கையைக் கடித்தாள். அவன் வலி தாங்காமல் ஓங்கி ஒரு அறை விட்டான். "பைத்தியமா உனக்கு? அம்மாவுக்குத் தண்ணி வெக்கத்தாண்டி எடுத்தேன். உனக்குத்தான் அம்மாவே ஞாபகம் இல்லியே, உனக்கு இன்னா வந்துச்சு?"

சொம்பை வயிற்றோடு அணைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தாள். ஒரு வருஷமாக வராத அழுகை எல்லாம் வந்தது. "எப்டிடா ஞாபகம் இருக்கும்? நான்தான் எல்லாத்தையும் குடுத்துட்டேனே. அம்மா கண்ணு வெள்ளையாவணும்னு ஒவ்வொண்ணா இதுலதான குடுத்தேன். அம்மாவைப் பத்தி கீறதெல்லாம் குடுத்தேன்."

பெரியம்மா கரண்டியோடு நின்றுவிட்டார்கள். நான் கிட்டத்தில் போய் உட்கார்ந்தேன். வாயில் வந்ததைச் சொன்னேன். "கண்ணு, அது சும்மா விளையாட்டு. தண்ணி லாரிக்காகச் சொன்னது."

நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். "அப்ப அம்மா பொய் சொல்லிச்சா?"

இன்றைக்கு வரைக்கும் அந்தக் கேள்விக்கு எனக்குப் பதில் தெரியாது. ஆமாம் என்றால் அம்மாவைப் பொய்க்காரி ஆக்குகிறேன். இல்லை என்றால் அவள் கொடுத்ததெல்லாம் நிஜமாகவே போய்விட்டது.

அவளே மேலே சொன்னாள். "எல்லாம் குடுத்தேன் நைனா. ஒண்ணே ஒண்ணை மட்டும் குடுக்கல. அது எனக்கு வேணும்னு வெச்சுக்கினேன். அதனாலதான் அம்மா செத்துப்போச்சு."

எட்டு வயசுப் பிள்ளை ஒரு வருஷம் இதைச் சுமந்துகொண்டு பள்ளிக்கூடம் போய் வந்திருக்கிறாள். பெரியவன் கடிபட்ட கையைப் பிடித்துக்கொண்டு அவள் எதிரில் உட்கார்ந்தான். பிறகு சொன்னான், "ஏய், கடசி நெனப்பை சொம்பு வாங்காதுடி. உனக்குத் தெரியாதா?"

"யாரு சொன்னா?"

"அம்மாதான். அன்னிக்கு நீ தூங்கிக்கினு இருந்தே. நம்ம சந்து நாய் செத்துச்சே, அதைப் பத்தி எல்லாத்தையும் போட்டு சைக்கிள் கேட்டேன். கடசியா ஒண்ணு மிச்சம் இருந்துச்சு. அதைப் போடப் போவறப்ப, அம்மா என் கையைப் புடிச்சுடுச்சு. ஒரு ஆளைப் பத்தி கடசியா கீறதை சொம்பு வாங்கவே வாங்காதுடா, அது போயிட்டா அந்த ஆளுக்கு உன்னாண்ட வர்றதுக்கு வழியே தெரியாமப் பூடும்னு சொல்லிச்சு."

"நெசமா?"

"நான் எதுக்குப் பொய் சொல்லணும்? நீ குடுத்திருந்தாலும் துப்பியிருக்கும். அதுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல."

"அப்ப ஏன் அம்மா செத்துச்சு?"

பெரியவன் திரும்பி என்னைப் பார்த்தான். "வியாதி பெருசு கண்ணு" என்றேன். "சொம்பு சின்னது."

அம்மா அப்படி ஒரு விதி சொன்னாளா, இல்லை பெரியவன் அந்த நிமிஷத்தில் கட்டினானா, எனக்குத் தெரியாது. சந்து நாய் செத்தது நிஜம், அவன் சைக்கிள் கேட்டு அழுததும் நிஜம். மற்றதை நான் கேட்டதில்லை. கேட்கவும் மாட்டேன். பெரியவனே, நீயும் சொல்லாதே.

அன்றைக்குப் படையலில் டம்ளரில்தான் தண்ணீர் வைத்தோம்.

சாப்பிடும்போது நான் பாப்பாவிடம் சொன்னேன், "நீ உன் பங்கைத்தான குடுத்தே? என் பங்கு என்னாண்ட கீது. அண்ணன் பங்கு அவனாண்ட கீது. நாங்க ஒண்ணும் குடுக்கலியே." அவள் அதை ஒத்துக்கொண்டாள். அதிலிருந்து லாரிக்குக் காத்திருக்கும் நேரத்தில், அவளுக்கு என் பங்கிலிருந்து ஒவ்வொன்றாகச் சொல்ல ஆரம்பித்தேன்.

அப்போதுதான் என் பங்கு எவ்வளவு கொஞ்சம் என்று எனக்குத் தெரிந்தது. கடை அடைத்து வீடு வந்தால் நீங்கள் தூங்கியிருப்பீர்கள். அவள் பாதித் தூக்கத்தில் எனக்குச் சோறு போடுவாள். செவ்வாய்க்கிழமைகளில் அவளுக்கு வேலை. சேர்ந்து இருந்த பகல் பொழுதுகள் பண்டிகையும் கல்யாணமும், லாரிக்காக அவள் வேலைக்குப் போகாத ஒன்றிரண்டு நாளும்தான். இருந்ததைச் சொன்னேன். அம்மாவுக்குப் பல்லி என்றால் பயம், போலீஸ்காரன் என்றால் பயமில்லை. மசக்கையில் ஸ்லேட்டுப் பல்பம் தின்றாள், பாப்பா கறுப்பாகப் பிறந்துவிடக் கூடாது என்று வெள்ளைப் பல்பமாகப் பார்த்துத் தின்றாள். கம்பெனியில் மீட்டிங் நடந்த நாளில் மிச்சமான பிஸ்கட்டைக் கைக்குட்டையில் முடிந்து கொண்டு வருவாள், அதில் உடையாதது இரண்டை எனக்குத் தனியாக வைப்பாள்.

ஒரு நாள் வேறொன்றும் தோன்றாமல் ராட்டினத்தை எடுத்தேன். "பீச்சுல நீ ராட்டினம் சுத்தறப்ப, அம்மா கீழ நின்னுக்கினு உன்னைப் பாத்து சிரிச்சுக்கினே இருந்துச்சு."

"கீழ நிக்கல" என்றாள் பாப்பா. "அம்மாவும் ஏறிச்சு. பொடவையைக் காலுக்கு நடுவுல இடுக்கிக்கினு உக்காந்துச்சு. மேல போவறப்ப என் தொடையைக் கிள்ளிக்கினே இருந்துச்சு. நீதான் கீழ நின்னே."

சொல்லி முடித்ததும் கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். சொம்பில் அவள் முதன் முதலாகப் போட்டது அதுதான். பெரியவன் என்னைப் பார்த்தான், நான் குடத்தைப் பார்த்தேன். "நைனாவுக்கு ஒண்ணுமே ஒயுங்கா ஞாபகம் இல்ல" என்றான் அவன், சாதாரணமாக. "நீயே சொல்லு, அப்புறம் இன்னா ஆச்சு?"

அதற்குப் பிறகு சிலதை வேண்டுமென்றே மாற்றிச் சொன்னேன். அவள் திருத்தினாள். பலதை மாற்ற வேண்டிய வேலையே இருக்கவில்லை, எனக்கே சரியாகத் தெரியவில்லை. என் பங்கைக் கொடுத்து அவளுக்கு அம்மாவைத் திருப்பித் தருகிறேன் என்று நினைத்தேன். கடைசியில் அவள்தான் எனக்குக் கொடுத்தாள். அம்மா பாடுவாள் என்பதே எனக்கு அப்போதுதான் தெரியும்.

ஒரு மழைக்காலத்தில் வேலை முடிந்து வந்தபோது சொம்பில் கட்டியிருந்த துணியைக் காணோம். தண்ணீர் நிரப்பி மூடி வைத்திருந்தது. குடித்தேன்.

கொடுக்காமல் வைத்துக்கொண்ட அந்த ஒன்றை மட்டும் அவள் ரொம்ப நாள் சொல்லவில்லை. பத்தாவது பரிட்சை முடிந்த அன்றைக்கு, மாங்காய் நறுக்கிக்கொண்டே சொன்னாள்.

ஒரு சனிக்கிழமை அம்மா அவளை வேனில் பெருங்குடிக்குக் கூட்டிப் போயிருக்கிறாள். ஆபீசில் ஆள் இல்லாத நாள். தன் கம்பெனி அடையாள அட்டையைக் கழுத்துப் பட்டையோடு கழற்றிப் பாப்பா கழுத்தில் மாட்டி, கண்ணாடி லிஃப்டில் மேலேயும் கீழேயுமாக ஏற்றி இறக்கினாளாம். உச்சி மாடியில் கண்ணாடிச் சுவர். தூரத்தில் புகை. "தோ பாரு, அந்தப் புகைக்குப் பக்கத்துலதான் உங்க நைனா கடை. டாட்டா காமி, பாக்கும்" என்று சொல்லி, அம்மாவும் கையை ஆட்டினாளாம். இரண்டு பேரும் கை வலிக்கிற வரைக்கும் ஆட்டினார்களாம்.

"நீ பாத்தியா நைனா?" என்று சிரித்தாள் பாப்பா. அந்தப் புகை குப்பை மேட்டுப் புகை என்று அவளுக்கு இப்போது தெரியும். கடை அந்தப் பக்கமே இல்லை. நான் அந்த நேரத்தில் தலையைக் குனிந்து யாரோ ஒரு கல்யாணத்துக்குப் பேர் வெட்டிக்கொண்டிருந்திருப்பேன்.

இனி எழுதப்போவது உங்கள் இரண்டு பேருக்கும் தெரியாது.

அடுத்த செவ்வாய்க்கிழமை, கடை வேலையாகத் தேனாம்பேட்டை வரைக்கும் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் பெருங்குடிக்குப் பஸ் ஏறினேன். அந்த பில்டிங்கைக் கண்டுபிடிக்க இரண்டு பேரிடம் விசாரித்தேன். உள்ளே விடமாட்டார்கள் என்று தெரியும், அதனால் கேட்கவும் இல்லை. ரோட்டுக்கு இந்தப் பக்கம், வேப்பமரத்து நிழலில் நின்றேன். லிஃப்ட் வெளியிலிருந்தே தெரிந்தது. ஆட்களோடு மேலே போயிற்று, காலியாகக் கீழே வந்தது. உச்சி மாடிக் கண்ணாடியில் வெயில் அடித்துக்கொண்டிருந்ததால் உள்ளே ஒன்றும் தெரியவில்லை.

கையைத் தூக்கி ஆட்டினேன்.

ஷேர் ஆட்டோ ஒன்று என் எதிரில் வந்து நின்றது. "எங்க போவணும்பா?" என்றான். இல்லை, போப்பா என்றேன். அவன் முறைத்துவிட்டுப் போனான். ஆட்டோ தாண்டின பிறகு இன்னொரு தடவை கையைத் தூக்கி, கொஞ்சம் அதிக நேரம் ஆட்டினேன்.